வீடியோவுக்கு நான் ஹார்ட் போடாததற்குக் காரணம்



போன ஞாயிற்றுக்கிழமை என் பழைய மாணவி ஒருத்தி சென்னையிலிருந்து ஒரு வீடியோ அனுப்பியிருந்தாள். பத்தாம் வகுப்பில் முதல் பெஞ்சில் உட்கார்ந்து ஓயாமல் கேள்வி கேட்டவள். பெயர் வேண்டாம், அவளுக்கே தெரியும். வெள்ளை வெளேரென்று ஒரு பெர்ஷியன் பூனை. அதை ஷவருக்கு நேர் கீழே நிற்க வைத்து, தலையிலிருந்து வால் வரைக்கும் நுரை. பூனை வாயைத் திறந்துகொண்டு மூச்சு வாங்குகிறது. பின்னால் ஒரு சினிமாப் பாட்டு. 'எங்க வீட்டு ராணிக்கு வாரக் குளியல்' என்று எழுத்து வேறு. அடியில் ஹார்ட் ஹார்ட்டாகக் குவிந்திருந்தது. மறுநாள் கேட்டாள், 'டீச்சர், நீங்க மட்டும் ஒண்ணுமே போடலையே?'

போடாததற்குக் காரணம் இருக்கிறது. கமென்டில் எழுதினால் அடங்காது, அவள் முகமும் வாடிவிடும். அதனால் எல்லோருக்கும் பொதுவாக இங்கே எழுதுகிறேன். நீளமாகத்தான் இருக்கும். வகுப்பிலும் நான் அப்படித்தான், உங்களுக்குத் தெரியாததா?

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நல்ல உடம்போடு வீட்டுக்குள் திரிகிற பூனையைக் குளிப்பாட்டவே வேண்டாம். ஆனால் நக்கினால் உயிருக்கே ஆபத்து என்கிற ஏதாவது அதன் ரோமத்தில் பட்டுவிட்டால், பத்து நிமிஷம்கூடத் தள்ளிப்போடாமல் குளிப்பாட்டியே ஆக வேண்டும். நம்மில் பலர் இந்த இரண்டையும் தலைகீழாகச் செய்கிறோம். சும்மா இருக்கும் பூனைக்கு வாராவாரம் ஷாம்பூ. டீசலில் விழுந்து எழுந்து வந்த பூனையைப் பார்த்தால், 'விடு, தானே நக்கிச் சுத்தம் பண்ணிக்கும்.'

நம் ஊர்ப் பழமொழியைக் கவனித்திருக்கிறீர்களா? குளிப்பாட்டி நடுவீட்டில் வைப்பது நாயைத்தான். பூனையைக் குளிப்பாட்டிய பழமொழி எதுவும் என் காதில் விழுந்ததில்லை. பெரியவர்கள் முயன்று பார்த்துக் கையில் கீறல் வாங்கிக்கொண்டு விட்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

பூனைக்குக் குளியலறை அதன் வாயிலேயே இருக்கிறது. 2018-இல் அமெரிக்காவின் ஜார்ஜியா டெக் நிறுவனத்தில் அலெக்சிஸ் நோயெல், டேவிட் ஹூ என்ற இருவர் பூனை நாக்கை ஆராய்ந்து ஒரு கட்டுரை எழுதினார்கள். பூனை உங்கள் கையை நக்கினால் உப்புத்தாள் மாதிரிச் சொரசொரக்கும் அல்லவா, அந்தச் சின்னச் சின்ன முட்களின் நுனியில் கரண்டி போலக் குழிவு இருக்கிறதாம். எச்சிலை அதில் ஏந்திக்கொண்டு போய் ரோமத்தின் அடிவரைக்கும் விடுகிறது. அங்கே அந்த ஈரம் உலரும்போது பூனைக்கு உடம்பும் குளிர்கிறது. ஒரே வேலையில் குளியலும் ஆச்சு, விசிறியும் ஆச்சு. சித்திரை வெயிலில் என் திண்ணையில் படுத்து நக்கிக்கொண்டே இருக்கும் பூனை ஏன் அப்படிச் செய்கிறது என்று எனக்கே ஓய்வு பெற்ற பிறகுதான் புரிந்தது.

ஆனால் இந்த நாக்குதான் அதற்கு எமனும். ரோமத்தில் எது பட்டாலும் அது வயிற்றுக்குள் போயே தீரும். நம் மேல் கொட்டியது தோலோடு நிற்கும்; பூனை மேல் கொட்டியது பூனைக்குள் போகும். இந்த ஒரு வரியை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டால் மிச்சத்தை நீங்களே யோசித்துச் சொல்லிவிடுவீர்கள்.

இதை நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. கொன்று தெரிந்துகொண்டேன்.

நான் வேலைக்குச் சேர்ந்து நாலைந்து வருஷம் இருக்கும். வீட்டில் வெள்ளையன் என்று ஒரு கடுவன் பூனை. மழைக்காலம் முடிந்ததும் அவன் உடம்பெல்லாம் தெள்ளுப்பூச்சி. சொறிந்து சொறிந்து கழுத்தில் புண். நான் அறிவியல் டீச்சர் அல்லவா, கிருமி பற்றி எனக்குத் தெரியாதா! தண்ணீரில் ஊற்றினால் பாலாக வெளுக்குமே, காயத்துக்குப் போடுகிற கிருமிநாசினி, அதைப் பக்கெட்டில் ஊற்றினேன். ஒரு மூடி போதாது என்று மூன்று மூடி. அதிலேயே அவனை முக்கி எடுத்தேன். வாசனை இருந்தால் பூச்சி அண்டாது என்று நல்ல தண்ணீரில் அலசவும் இல்லை. துடைத்து வெயிலில் விட்டேன். அவன் உட்கார்ந்து கழுத்திலிருந்து வால் வரைக்கும் நிதானமாக நக்கி முடித்தான். சுத்தக்காரன் என்று பெருமையாகப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சாயங்காலம் வாயில் எச்சில் வடிந்தது. ராத்திரி சாப்பிடவில்லை. விடியற்காலையில் பின்னங்கால் தள்ளாடியது. நாக்கு வெந்து சிவந்திருந்தது. மூன்றாம் நாள் போய்விட்டான். கொல்லையில் முருங்கை மரத்தடியில் புதைத்தோம். ஏன் செத்தான் என்று அப்போது எனக்குத் தெரியவில்லை. 'பூச்சி கடித்த விஷம் ஏறிடுச்சு' என்று சொல்லிக்கொண்டு அடுத்த நாள் பள்ளிக்கூடம் போனேன். எட்டாம் வகுப்புக்கு 'தன்சுத்தம்' பாடம் எடுத்தேன் என்பதை எழுதும்போது இப்போதும் கூச்சமாக இருக்கிறது.

பல வருஷம் கழித்துத்தான் காரணம் தெரிந்தது. பினாயில், கிருமிநாசினிகள் பலவற்றில் பீனால் வகை வேதிப்பொருள்கள் இருக்கின்றன. நம் கல்லீரல் அவற்றைச் சர்க்கரையிலிருந்து உண்டாகும் ஓர் அமிலத்தோடு கட்டி, மூட்டையாக்கி, சிறுநீர் வழியே அனுப்பிவிடும். அந்த மூட்டை கட்டும் வேலை பூனையின் கல்லீரலுக்குச் சரியாக வராது. அதற்கு வேண்டிய நொதிகளில் ஒன்றின் மரபணுவே பூனைக் குடும்பத்தில் பழுதாகிக் கிடக்கிறது. தலைமுறை தலைமுறையாகக் கறியும் மீனும் மட்டுமே தின்று வந்த சாதி; செடி கொடியில் இருக்கும் இந்த மாதிரிச் சரக்கைச் சமாளிக்க வேண்டிய தேவையே அதற்கு வந்திருக்காது என்று சொல்கிறார்கள். பாராசிட்டமால் மாத்திரையும் பூனைக்கு விஷமாவது இதே கோளாறால்தான். 'பூனைக்குச் சுரம், அரை மாத்திரை கொடுக்கலாமா' என்று போன மாதம் என் தம்பி மருமகள் கேட்டாள். கால் மாத்திரைகூட வேண்டாம் அம்மா என்றேன்.

நாய்க்குப் போடும் உண்ணி மருந்து இன்னொரு யமன். அதில் பலவற்றில் பெர்மெத்ரின் இருக்கும். நாய் தாங்கும், பூனை தாங்காது. உடம்பெல்லாம் நடுங்கி வலிப்பு வந்துவிடும். கடையில் 'ரெண்டும் ஒண்ணுதாம்மா' என்று எடுத்துக் கொடுத்தாலும் வாங்காதீர்கள். வேப்பெண்ணெய், கற்பூரம், மண்ணெண்ணெய் என்று நம் கைவைத்தியம் எதையும் பூனை மேல் காட்ட வேண்டாம். சீயக்காயும் வேண்டாம், கண்ணில் பட்டால் நமக்கே எரிகிறது.

இவ்வளவும் கேட்டுவிட்டு, 'அப்போ குளிப்பாட்டவே கூடாது, அவ்வளவுதானே டீச்சர்?' என்று கிளம்புகிறவர்கள் கொஞ்சம் உட்காருங்கள். அந்தக் கட்சியும் தப்பு. அதை எனக்குக் காட்டியது நம் உப்பளம்.

போன வைகாசி. உப்பு நன்றாக விளைந்துகொண்டிருந்த நேரம். இப்போது எங்கள் வீட்டில் இருப்பவள் கறுப்பி, மூன்று கிலோ எடை. உள்ளான் குருவியைத் துரத்திக்கொண்டு வரப்பில் ஓடியவள் கால் தவறி உப்புப் பாத்திக்குள் விழுந்துவிட்டாள். அங்கே வேலையிலிருந்த பையன், என் பழைய மாணவன்தான், கோணியில் சுற்றித் தூக்கிக்கொண்டு வந்தான். 'டீச்சர், சீக்கிரம் நல்ல தண்ணி ஊத்துங்க, எங்க காலே வெடிக்குது' என்றான். வீட்டுக்காரர், 'காய்ந்தால் உதிர்ந்துடும், விடு' என்றார். நான் அந்தப் பையன் பக்கம்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். கடல் தண்ணீர் ஒரு லிட்டரில் சுமார் 35 கிராம் உப்பு. அதை வெயிலில் வற்ற வைத்து, கிட்டத்தட்ட பத்தில் ஒரு பங்காகச் சுருங்கும்போதுதான் சாப்பாட்டு உப்பு படிய ஆரம்பிக்கிறது. ஆக, உப்பு படிந்துகொண்டிருக்கும் பாத்தித் தண்ணீரில் லிட்டருக்கு 300 கிராம் அளவுக்கு உப்பு. பூனை ரோமத்தில் 100 மில்லி நின்றது என்று வைத்துக்கொள்வோம், அதில் 30 கிராம். உடல் எடையில் கிலோவுக்கு 2, 3 கிராம் உப்பு உள்ளே போனாலே வாந்தியும் தள்ளாட்டமும் தொடங்கலாம் என்கின்றன கால்நடை மருத்துவப் புத்தகங்கள். மூன்று கிலோ பூனைக்கு அது 6 முதல் 9 கிராம். அவள் மேல் இருப்பதில் மூன்றில் ஒரு பங்கை நக்கினாலே போதும். கறுப்பி கோணிக்குள்ளேயே முன்னங்காலை நக்க ஆரம்பித்திருந்தாள். உப்பு வேலை செய்கிறவர்கள் வீட்டுக்கு வந்ததும் முதல் காரியமாக நல்ல தண்ணீரில் காலைக் கழுவுவதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நீங்கள். பூனைக்கு மட்டும் அது வேண்டாமா?

எப்படிச் செய்தேன் என்று சொல்கிறேன். அவசரத்தில் செய்ததுதான், ஆனால் வெள்ளையன் செத்த பிறகு இத்தனை வருஷமாக மனசுக்குள் ஒத்திகை பார்த்து வைத்திருந்தேன் போலிருக்கிறது.

முதலில் ஈரத்துணியால் அவள் வாய்க்கு எட்டும் இடங்களை, முன்னங்கால், மார்பு, இரண்டையும் அழுத்தித் துடைக்கச் சொன்னேன். அதற்குள் தண்ணீர் தயார். இங்கேதான் நம் ஊர்க்காரர்கள் கவனிக்க வேண்டும். எங்கள் போர் தண்ணீர் வாயில் வைத்தால் கரிக்கும். உப்பைக் கழுவ உப்புத் தண்ணீரா? குடிக்க வைத்திருந்த கேன் தண்ணீரை எடுத்தேன். 'இருபது லிட்டர் கேனைப் பூனைக்கா!' என்ற குரல் உள்ளேயிருந்து வந்தது. பதில் சொல்லவில்லை.

ஒரு பங்கு வெந்நீர் கலந்து வெதுவெதுப்பாக்கினேன். பூனையின் உடம்புச் சூடே 38, 39 டிகிரி செல்சியஸ் இருக்கும், நம்மைவிடக் கொஞ்சம் அதிகம். நமக்குச் 'சுமார்' என்று தோன்றும் தண்ணீர் அதற்குக் குளிர்ச்சி. முழங்கையை விட்டுப் பார்த்தால் சூடும் தெரியக்கூடாது, குளிரும் தெரியக்கூடாது. பச்சைப்பிள்ளைப் பதம் என்று சொல்லலாம் என்று பார்த்தேன். நம் ஆயாக்கள் பிள்ளைக்கு ஊற்றுகிற ஆவி பறக்கும் தண்ணீரை நினைத்துச் சொல்லாமல் விடுகிறேன்.

பாத்ரூம் கதவை, ஜன்னலைச் சாத்தினோம். துணி அலசும் அகலமான பேசினில் பழைய டவல் ஒன்றை நனைத்து விரித்தேன். இது முக்கியம். பூனை பயப்படுவது தண்ணீரைவிட வழுக்கலுக்குத்தான். காலுக்குப் பிடி கிடைத்தால் பாதிப் போராட்டம் அடங்கிவிடும். டவலில் நகத்தை ஊன்றிக்கொண்டு நின்றாள். குழாயைத் திறக்கவில்லை, ஷவர் பக்கமே போகவில்லை. அந்தச் 'சொய்ங்' சத்தமே போதும், சுவரில் ஏறிவிடும். ஒருவர் தோளையும் மார்பையும் அணைத்துப் பிடிக்க, ஒருவர் ஊற்ற. பிடரியைக் கொத்தாகப் பிடித்துத் தூக்கக்கூடாது, அது தாய்ப்பூனை குட்டிக்குச் செய்வது. கழுத்துக்குக் கீழிருந்து வால் பக்கமாக, சின்ன டம்ளரால், சத்தமில்லாமல். முகத்துக்கு ஈரத்துணி மட்டும். காதுக்குள் ஒரு சொட்டும் போகக்கூடாது. கண்ணில் உப்புத் தண்ணீர் பட்டிருந்ததால் சுத்தமான தண்ணீரைத் துளித்துளியாக விட்டேன்.

ஷாம்பூ போடவில்லை. 'சோப்பு போடாம எப்படி டீச்சர் போகும்?' என்றான் பையன். ஆறாம் வகுப்பில் சொல்லிக் கொடுத்தது மறந்துவிட்டது! உப்பு தண்ணீரில் கரையும், அதற்குச் சோப்பு எதற்கு? சோப்பு எண்ணெய்க்கு. படகு டீசலோ கிரீஸோ பட்டிருந்தால், பாத்திரம் கழுவும் திரவம் கொஞ்சம் போட்டுத் தேய்த்து நன்றாக அலசலாம். கடற்கரையில் ஒட்டும் தார் உருண்டையாக இருந்தால் முதலில் சமையல் எண்ணெய் தடவி இளக்கிவிட்டுப் பிறகு அதே திரவம். எதைப் போட்டாலும் போட்ட நேரத்தைப்போல இரண்டு மடங்கு நேரம் அலச வேண்டும். மிச்சம் இருப்பது எங்கே போகும் என்று மேலே சொல்லிவிட்டேன்.

மூன்று தடவை தண்ணீர் மாற்றினேன். மூன்றாவது தடவை ரோமத்திலிருந்து சொட்டியதை விரலில் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தேன். கரிக்கவில்லை. வீட்டுக்காரர் முகத்தைச் சுளித்தார். ஆய்வகத்தில் சுவைத்துப் பார்க்கக்கூடாது என்று உங்களையெல்லாம் எத்தனை முறை அதட்டியிருக்கிறேன். இந்த ஒன்றுக்கு மட்டும் மன்னியுங்கள்.

எல்லாம் சேர்த்து ஏழெட்டு நிமிஷம். காய்ந்த டவலில் இறுக்கிச் சுற்றி மடியில் வைத்து ஒற்றி எடுத்தேன், தேய்க்கவில்லை. ஹேர் டிரையர் வேண்டாம், அந்த இரைச்சலும் சூடும் அதற்கு இன்னொரு தண்டனை. காற்றில்லாத வெயில் திண்ணையில் உட்கார வைத்து, குடிக்கத் தண்ணீர் கொஞ்சம் கொஞ்சமாக வைத்தேன். மருத்துவருக்கு போன் போட்டேன். வாந்தி, நடுக்கம், தள்ளாட்டம் ஏதாவது தெரிந்தால் உடனே தூக்கி வாருங்கள் என்றார். ராத்திரி இரண்டு முறை எழுந்து பார்த்தேன். ஒன்றும் இல்லை.

நம் ஊரிலிருந்து அவசரத்துக்குப் போகப் புதுச்சேரி குரும்பாபேட்டில் ராஜீவ் காந்தி கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது. ஈசிஆரில் போய்விடலாம். சென்னைப் பிள்ளைகளுக்கு வேப்பேரி. 1962 என்ற எண்ணையும் போனில் பதிந்து வையுங்கள், கால்நடை ஆம்புலன்ஸ் எண்.

பிடித்தவர் கையில் கீறலோ கடியோ விழுந்தால் மஞ்சள் வைத்துக் கட்டிவிட்டு உட்காராதீர்கள். ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிஷம், கடிகாரம் பார்த்துக் கழுவிவிட்டு, நேரே ஆரம்ப சுகாதார நிலையம். வெறிநோய் நாய்க்கு மட்டும் வருவது என்று இன்னும் பலர் நினைக்கிறார்கள். பூனைக்கும் வரும், பூனையிடமிருந்து நமக்கும் வரும். நம் பூனைக்கும் வருஷா வருஷம் ஊசி போட வேண்டும். அன்று எங்களுக்குக் கீறல் இல்லை, டவலுக்குத்தான் எல்லாக் கீறலும்.

இனி வீடியோப் பெண்ணுக்கு வருகிறேன். நீ பாசத்தில்தான் செய்கிறாய், எனக்குத் தெரியும். உன் ராணிக்கு நீள ரோமம். அதற்கு வேண்டியது தினம் ஒரு தடவை சீப்பு. சிக்கு இருக்கும்போது தண்ணீர் ஊற்றினால் அது இறுகிக் கம்பளி மாதிரி ஆகிவிடும். பின்பக்கத்தில் அழுக்கு ஒட்டினால் அந்த இடத்தை மட்டும் கழுவு. தோல் நோய்க்கு மருத்துவர் ஷாம்பூ எழுதிக் கொடுத்தால் அவர் சொன்ன நாளில், சொன்ன அளவில் போடு. நம் ஷாம்பூ வேண்டாம், நம் தோலின் அமிலத் தன்மை வேறு, அதன் தோல் வேறு. பையனுக்குத் தும்மல் வருகிறது, அதனால்தான் வாராவாரம் குளியல் என்று எழுதியிருந்தாய். தும்மலைக் கிளப்பும் புரதம் பூனையின் எச்சிலிலும் தோல் சுரப்பிகளிலும் ஊறிக்கொண்டே இருப்பது. குளிப்பாட்டினால் குறையும், ஆனால் ஒரு வாரத்துக்குள் பழைய அளவுக்கு வந்துவிடும். அதைவிடப் பையன் படுக்கும் அறைக்குள் பூனையை விடாமல் இரு, விரிப்புகளை வெந்நீரில் துவை.

அப்புறம் அந்த வாயைத் திறந்து மூச்சு வாங்கியது. நாய் அப்படி வாங்கினால் வெயில் என்று விடலாம். பூனை வாயைத் திறந்து மூச்சு வாங்கினால் அது மிரண்டு போய்விட்டது, அல்லது உடம்புக்கு முடியவில்லை. அந்த நொடியே நிறுத்த வேண்டும், நுரை பாதியில் இருந்தாலும் ஈரத்துணியால் துடைத்து முடிக்க வேண்டும். உன் பூனைக்குச் சப்பை மூக்கு, சும்மாவே மூச்சுக்குச் சிரமப்படும் இனம். நாங்கள் பார்த்த அந்த நாற்பது விநாடியில் அது உன்னிடம் கெஞ்சிக்கொண்டிருந்தது கண்ணு. அதற்குத்தான் என்னால் ஹார்ட் போட முடியவில்லை.

குட்டிகளை, சினைப் பூனையை, சாப்பிடாமல் சுருண்டு கிடக்கும் பூனையைக் குளிப்பாட்டவே வேண்டாம், துடைப்பதோடு சரி. ஐப்பசி, கார்த்திகை வாடைக்காற்றிலும் அப்படியே. சிங்கப்பூரில் இருக்கும் என் அக்கா பேத்தி, மீன் பிடித்துத் தின்னும் பூனை ஒன்று நீந்துகிற வீடியோவை அனுப்பி, 'பாருங்க ஆயா, பூனைக்குத் தண்ணி பிடிக்கும்' என்று என்னை மடக்கப் பார்த்தாள். அது மீன்பிடிப் பூனை, ஆந்திராவில் கோதாவரி முகத்துவாரத்துச் சதுப்புக் காட்டில் எல்லாம் இருக்கிறது, வேறே இனம். நம் வீட்டுப் பூனையின் முன்னோர் மேற்கு ஆசியா, வட ஆப்பிரிக்கா பக்கத்து வறண்ட நிலத்துக் காட்டுப்பூனைகள். தண்ணீரோடு அதற்குப் பெரிய உறவில்லை.

கறுப்பி நன்றாக இருக்கிறாள். உள்ளானைத் துரத்துவதை விடவில்லை, வரப்பின் நடுவில் ஓடக் கற்றுக்கொண்டிருக்கிறாள். தண்ணீர் கேன் போடும் பையன் வாசலில் வண்டியை நிறுத்தினால் மட்டும் பரணில் ஏறி உட்கார்ந்துகொள்கிறாள்.